ஹாரனுக்கு ஆட்சேபம் இல்லை

என் கணவர் எல்யாஸ் சினிமாவுக்குக் கதை வசனம் எழுதுகிறவர். காபூலில் அந்த வேலைக்கு எழுதத் தெரிந்தால் மட்டும் போதாது, காத்திருக்கவும் தெரிய வேண்டும். எழுதி முடித்ததை எடுத்துக்கொண்டு திரைக் கண்ணியப் பாதுகாப்பு வாரியத்துக்குப் போய் முத்திரை வாங்கி வர வேண்டும். வாரியத்தில் மூன்று பேர் இருக்கிறார்கள். மூவரும் சினிமா பார்க்கும் பழக்கம் இல்லாதவர்கள். அதனால்தான் அவர்களை அந்த வேலைக்கு எடுத்தார்கள் என்று வாரியமே பெருமையாகச் சொல்லிக்கொள்ளும்.

நான் பெண்கள் பள்ளிக்கூடத்தில் பூகோளம் சொல்லித் தருகிறேன். வாரியத்தின் வாசற்படியைக்கூட மிதித்ததில்லை. ஆனாலும் அங்கே யார் எப்போது தும்மினார்கள் என்பதுவரை எனக்குத் தெரியும். எல்யாஸ் வீட்டுக்கு வந்ததும் சப்பாத்தைக் கழற்றுவதற்கு முன்பே எல்லாவற்றையும் நடித்துக் காட்டிவிடுவார். வாரியத் தலைவர், எல்லோரும் ரயீஸ் சாஹிப் என்று கூப்பிடும் குலாம் சர்வர், பேச வேண்டுமென்றால் வயிற்றில் தலையணையைச் செருகிக்கொள்வார். இஞ்சினியர் மஹ்பூப் என்றால் கண்ணாடியை மூக்கு நுனிக்கு இறக்குவார். அந்த இஞ்சினியர் எந்தப் பாலத்தையும் கட்டியவர் இல்லை. எங்கள் ஊரில் கொஞ்சம் படித்துவிட்டுக் கோட்டு போட்டவர்கள் எல்லோரும் இஞ்சினியர்தான். மூன்றாவது ஆள் கவிஞர் லதீஃப். அவருக்குக் கண்ணை மூடிக்கொண்டால் போதும்.

அந்தக் குளிர்காலத்தில் எல்யாஸ் கொண்டுபோன கதை இதுதான். கோட்டே சங்கியில் பெண்களை மட்டும் ஏற்றிக்கொண்டு வேன் ஓட்டுகிறாள் ஒருத்தி. கல்யாணம் ஆகாதவள். ஒரு சவாரியை இறக்கிவிட்டுத் தனியாகத் திரும்பும்போது ஸாலங் கணவாயில் பனி சரிந்து வேனை மூடிவிடுகிறது. தேட வந்த ஆண்கள் பனிமேல் நின்றுகொண்டு என்ன சொல்லிக் கூப்பிடுவது என்று விழிக்கிறார்கள். அவள் தம்பியும் அங்கேதான் நிற்கிறான். அத்தனை அந்நிய ஆண்களுக்கு நடுவில் அக்காவின் பெயரைச் சொல்ல அவனுக்கு வாய் வரவில்லை. நேரம் போகிறது, பனி இறுகுகிறது. கடைசியில் மானம் மரியாதை எல்லாவற்றையும் தூக்கிப் போட்டுவிட்டு அவள் பெயரைச் சொல்லிக் கத்துகிறான். அது காதில் விழுந்து அவள் உள்ளேயிருந்து ஹாரனை அழுத்துகிறாள். தோண்டி எடுக்கிறார்கள்.

இதை அவர் படித்துக் காட்டியபோது நான் உருளைக்கிழங்கு அடைத்த பொலானி ரொட்டி சுட்டுக்கொண்டிருந்தேன். ஒரு பொலானி கருகிவிட்டது. அதற்கு மேல் நான் பாராட்டு எதுவும் சொல்லவில்லை.

எங்கள் ஆண்களைப் பற்றி ஒன்று சொல்லிவிட வேண்டும். மனைவி பெயர், அக்கா பெயர், அம்மா பெயர் எதுவும் வெளியில் அவர்கள் வாயில் வராது. "வீட்டுல இருக்கறவங்க" என்பார்கள். "பசங்களோட அம்மா" என்பார்கள். ரொம்ப மரியாதையாகச் சொல்ல வேண்டுமென்றால் "கருந்தலை" என்பார்கள். வெளியில் எல்யாஸுக்கு நான் சுஹைலின் அம்மா. எங்கள் கல்யாணப் பத்திரிகையில் என் அப்பா பெயர் இருந்தது, எல்யாஸ் பெயர் இருந்தது, மண்டபத்தின் பெயர் தங்க எழுத்தில் இருந்தது. மருந்துச் சீட்டில் "எல்யாஸ் மனைவி" என்று எழுதுவார்கள். காய்ச்சல் மட்டும்தான் எனக்கு.

முதல் கூட்டத்தில் ஓட்டுநரின் பெயர் லைலுமா என்று இருந்தது. தலைவர் டீயைக் கீழே வைத்தாராம்.

"கதை அருமை, எல்யாஸ் ஜான். இந்தப் பேரு மட்டும் வேண்டாம்."

"ஏன் ரயீஸ் சாஹிப்?"

"கொஞ்சம் சத்தமான பேரு."

"பேர்ல என்ன சத்தம்?"

"இருக்கு. இந்தப் பேரு உள்ளவங்க வண்டி ஓட்ட மாட்டாங்க. எனக்குத் தெரியும்."

"எப்படித் தெரியும்?"

"பொதுவாத் தெரியும்."

தலையணையோடு எல்யாஸ் இதைச் சொன்னபோது எனக்குப் புரையேறிவிட்டது. லைலுமா என்பது தலைவர் வீட்டம்மாவின் பெயர். ஒரு கல்யாணத்தில் பெண்கள் பக்கத்தில் என் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து மந்துக் கொழுக்கட்டை சாப்பிட்டவள். தலைவர் மஸாருக்குத் தணிக்கைக்குப் போகிற வெள்ளிக்கிழமைகளில் அவருடைய கொரோலா காரை எடுத்துக்கொண்டு கார்த்தே பர்வான் பக்கம் ஒரு சுற்றுச் சுற்றிவிட்டு வந்து நிறுத்துவதாக அவளே என்னிடம் சொன்னாள். இதை நான் எல்யாஸிடம் சொல்லவில்லை. பெண்கள் பக்கத்தில் கேட்டதை ஆண்கள் பக்கத்தில் கொண்டுபோய்க் கொட்டுவது எங்களுக்குள் வழக்கம் இல்லை.

அடுத்த கூட்டத்துக்கு ஹுமைரா என்று மாற்றிக்கொண்டு போனார். இஞ்சினியர் மஹ்பூபின் கண்ணாடி மூக்கிலிருந்து விழுந்தே விட்டதாம்.

"இது தேசிய ஒற்றுமையைக் கெடுக்கற பேரு" என்றாராம்.

"ஒரு பேரு எப்படி இஞ்சினியர் சாஹிப் ஒற்றுமையைக் கெடுக்கும்?"

"கெடுக்கும். என் வீட்டுலயே கெடுக்கும்" என்று சொல்லிவிட்டு நாக்கைக் கடித்துக்கொண்டார். பிறகு, "என் வீடு மாதிரி வீடுகள்ல" என்று திருத்தினார்.

ஷாபரி என்று மாற்றினார். இந்த முறை கவிஞர் லதீஃப் கண்ணைத் திறந்தார்.

"பேரு ஒரு வாசனை, தம்பி. அத்தர்க் குப்பியைத் திறந்து வெச்சா என்ன ஆகும்? நாற்பது வருஷமா காதலியைப் பத்தித்தான் பாடறேன். ஒருத்தர், ஒரே ஒருத்தர், அவ பேரு என்னன்னு கேட்டதுண்டா? அதுதான் கவிதை."

"உஸ்தாத், உங்க காதலி பனியில மாட்டிக்கிட்டா எப்படிக் கூப்பிடுவீங்க?"

"என் காதலி வெளிய போக மாட்டா" என்றாராம் கவிஞர். மற்ற இருவரும் வாஹ் வாஹ் என்றார்கள்.

எல்யாஸ் தலையில் கை வைத்துக்கொண்டு உட்கார்ந்தார். நகரத்தில் உள்ள எல்லாப் பெயரும் இப்படி ஒவ்வொன்றாகப் போய்க்கொண்டிருந்தால் பனி உருகிவிடும். பனி உருகினால் ஸாலங்கில் படப்பிடிப்பு இல்லை, அடுத்த குளிர்காலம்வரை தயாரிப்பாளர் காத்திருக்க மாட்டார், நடிகை ஜெர்மனிக்குப் போய்விடுவாள். அவருக்கு இருப்புக் கொள்ளவில்லை. ஜன்னலுக்கும் புகாரி அடுப்புக்கும் நடுவில் நடந்துகொண்டே இருந்தார். கூரையிலிருந்து ஒரு சொட்டு விழுந்தால்கூட "உருகுதா?" என்று எட்டிப் பார்ப்பார். பார்க்கப் பாவமாக இருந்தது.

"சுஹைலோட அப்பா, ஒண்ணு சொல்லட்டுமா? வேண்டாம்னு சொன்ன மூணும் அவங்கவங்க வீட்டுப் பேரு."

நின்றுவிட்டார். பிறகு தலையணையைக் கட்டிப்பிடித்துக்கொண்டு கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தார். யார் பெயர் யாருடையது என்று நான் சொல்லத் தேவையே இல்லை. எந்தப் பெயருக்கு யார் ஆட்சேபம் என்று இருமினார்களோ, அது அவர்கள் வீட்டுடையது. தட்டச்சு செய்கிறவனுக்கு, டீ கொண்டு வருகிறவனுக்கு, வாசலில் துப்பாக்கியோடு நிற்கிறவனுக்கு எல்லோருக்கும் இப்போது தெரியும். பெயரை மறைக்கப் போட்ட வாரியம் தன் வீட்டுப் பெயர்களுக்குத் தானே தண்டோரா போட்டுவிட்டது.

"அப்போ யார் வீட்டுலயும் இல்லாத பேரா ஒண்ணு சொல்லு."

"காபூல்ல எந்தப் பொண்ணு யார் வீட்டுலயும் இல்லாம இருக்கா?" என்றேன்.

அடுத்த கூட்டத்தில் வாரியமே ஒரு வழி கண்டுபிடித்திருந்தது. பெயரே வேண்டாம், எல்லோரும் அவளை "ஃபரீதோட அம்மா" என்று கூப்பிடட்டும் என்றார் இஞ்சினியர்.

"அவளுக்குக் கல்யாணமே ஆகல, இஞ்சினியர் சாஹிப்."

"அப்போ ஃபரீத் எங்கேருந்து வந்தான்?"

"நீங்கதான் கொண்டு வந்தீங்க."

இதைக் கேட்டு இஞ்சினியர் கோபித்துக்கொண்டு ஜன்னல் பக்கம் திரும்பிவிட்டார். தலைவர்தான் சமாதானம் செய்தார். கல்யாணம் பண்ணி வைத்தால் போயிற்று என்றார். சரி, கல்யாணம் ஆனது. கணவன் இருக்கும்போது இவள் ஏன் வண்டி ஓட்டுகிறாள் என்று கேட்டார்கள். கணவனுக்கு நோய் வந்தது. நோயாளியை வீட்டில் விட்டுவிட்டுத் தனியாக ஊர் சுற்றுகிறவள் என்ன பெண் என்றார்கள். நோயாளி போர்வையைப் போர்த்திக்கொண்டு முன் ஸீட்டில் உட்கார்ந்தான். இப்போது பனி சரிந்தால் அவனும் உள்ளே இருப்பான் அல்லவா? கவிஞர் தொடையைத் தட்டினார்.

"பிரச்சனை தீர்ந்துது. மேல நிக்கறவங்க புருஷன் பேரைச் சொல்லிக் கூப்பிடட்டும். அவன் வெளிய வந்தா அவங்களும் பின்னாலயே வந்துருவாங்க."

"அவன்தான் உள்ள இருக்கானே, அவனே ஓட்டட்டும்" என்றார் இஞ்சினியர், இன்னும் ஜன்னலைப் பார்த்துக்கொண்டே. "நோயைக் கொஞ்சம் குறைங்க. கருந்தலை எதுக்கு அந்தக் குளிர்ல? வீட்டுல சூப்பு வெச்சுக்கிட்டு இருக்கட்டும். சூப்பைக் காட்டணும்னு அவசியம் இல்ல."

கழுதை தேய்ந்து கட்டெறும்பு ஆன கதைதான். எல்லோரும் சொன்னதைச் சேர்த்து எல்யாஸ் எழுதிக்கொண்டு வந்ததை நான் படித்துப் பார்த்தேன். ஒரு ஆண் வேன் ஓட்டுகிறான். பனி விழுகிறது. ஆண்கள் கூப்பிடுகிறார்கள். அவன் வருகிறான்.

"ரயீஸ் சாஹிப் என்ன சொன்னாரு?"

எல்யாஸ் தலையணையை எடுத்தார். ஆனால் செருகிக்கொள்ளவில்லை, கையிலேயே வைத்துக்கொண்டு சொன்னார்: "'இப்போதான் எல்யாஸ் ஜான், இது பொண்ணுங்களைப் பத்தின படம்.'"

அந்தக் காகிதக் கட்டை அவர் புகாரிக்குள் போட்டார். நன்றாக எரிந்தது. நான் தடுக்கவில்லை.

மறுபடியும் பழைய கதையை எடுத்துக்கொண்டு போனார். பெயரில்லாமல் இந்தக் கதை இல்லை, தம்பி கத்தித்தான் ஆக வேண்டும் என்று பிடிவாதமாக நின்றார். தம்பி தன்னுடைய சொந்தப் பெயரையே கத்தட்டுமே, குரலை வைத்து அவள் கண்டுபிடிக்க மாட்டாளா என்று கவிஞர் கேட்டார். போன் போடலாமே என்றார் இஞ்சினியர். பனிக்கு அடியில் சிக்னல் இருக்காது என்றதற்கு, அது தொலைத்தொடர்புத் துறையின் குறை, அதற்கு வாரியம் எப்படிப் பொறுப்பாகும் என்று சீறினார். தலைவர் கையை உயர்த்தி எல்லோரையும் அமர்த்தினார்.

"எல்யாஸ் ஜான், எங்களைத் தப்பா எடுத்துக்காதீங்க. பொண்ணுக்கு நாங்க எதிரி இல்ல. பேருக்கும் எதிரி இல்ல. ரெண்டும் ஒரே இடத்துல சேர்றதுதான் எங்களுக்கு ஆட்சேபம். சரி, ஒரு வழி சொல்றேன். ஆட்சேபம் சொல்ல ஆளே இல்லாத பேரா ஒண்ணு போடுங்க."

"அப்படி ஒரு பேரு எங்கே ரயீஸ் சாஹிப் இருக்கு?"

"உங்க வீட்டுல இருக்கே."

அன்றைக்கு வீட்டில் நடிப்பு இல்லை. சப்பாத்தைக் கழற்றினார். மாதுளை வாங்கி வந்திருந்தார், உரித்துத் தட்டில் போட்டார். டீக் கோப்பைகளைக் கழுவினார். என்னைக் கட்டிக்கொண்ட நாளிலிருந்து அவர் கோப்பை கழுவியது எங்கள் சுஹைல் பிறந்த அன்றுதான். வாரியத்தைப் பற்றி வாய் கிழியப் பேசிய மனிதர், சொந்த வீட்டுப் பெயர் என்றதும் இருமக்கூடத் தெரியாமல் எழுந்து வந்திருக்கிறார் என்று பிறகுதான் தெரிந்தது.

"என்ன வேணும்னு சொல்லுங்க. மாதுளை உரிச்சது போதும்."

சுவரைப் பார்த்துக்கொண்டு விஷயத்தைச் சொன்னார். "கொஞ்ச நாளைக்குத்தான்" என்றார், ஏதோ பக்கத்து வீட்டில் ஏணி கேட்பது போல.

"எடுத்துக்கிட்டுப் போங்க. சும்மாதான் கிடக்கு."

கிண்டலாகத்தான் சொன்னேன். ஆனால் அவர் தூங்கின பிறகு எனக்குத் தூக்கம் வரவில்லை. பள்ளிக்கூடத்தில் என்னை மாணவிகள் டீச்சர் என்பார்கள். தெருவில் சுஹைலின் அம்மா. வாசலில் நின்று பேர் சொல்லிக் கூப்பிட்ட அப்பாவும் அம்மாவும் போய்விட்டார்கள். திறந்த வெளியில், வானத்துக்குக் கீழே, ஒரு குரல் என் பெயரை முழுதாகக் கத்தி எத்தனை காலம் ஆயிற்று என்று நினைத்துப் பார்த்தேன். ஸாலங் மலையில் நின்று ஒருவன் அதைக் கத்தப் போகிறான், கொட்டகை முழுவதும் கேட்கப் போகிறது. எனக்கு ஆசை வந்துவிட்டது. இந்த வயதில் இப்படி ஓர் ஆசை வரும் என்று நான் எதிர்பார்க்கவில்லை.

வாரியத்தில் இந்த முறை யாரும் இருமவில்லை. மூவரும் ஆளுக்கொரு இனிப்பு பாதாமை வாயில் போட்டுக்கொண்டு முத்திரை குத்தினார்கள். கடைசிப் பனி இருக்கும்போதே ஸாலங்கில் படம் எடுத்து முடித்தார்கள். எல்யாஸ் மூக்கு சிவக்கத் திரும்பி வந்து, தம்பியாக நடித்தவன் மூன்று தரம் கத்தினான், மூன்று தரமும் மலை திருப்பிச் சொன்னது என்றார். அதை நடித்துக் காட்டுங்கள் என்றேன். வாயைத் திறந்தார். ஜன்னல் திறந்திருப்பதைப் பார்த்தார். பிறகு காட்டுகிறேன் என்றார்.

எடுத்து முடித்த படத்தை வாரியம் ஒரு முறை பார்க்க வேண்டும். அது ஒரு சடங்குதான் என்று எல்யாஸ் போனார். திரும்பி வந்தவர் தரையைப் பார்த்துக்கொண்டு, "ஆயிடுச்சு, முத்திரை போட்டுட்டாங்க" என்றார்.

"என்ன சொன்னாங்க?"

"நல்லாயிருக்குன்னாங்க."

தலையணை கட்டிலிலேயே கிடந்தது. அப்போதே எனக்குச் சந்தேகம் வந்திருக்க வேண்டும். எனக்குத்தான் தலைகால் புரியாமல் இருந்ததே. பள்ளிக்கூடத்து டீச்சர்கள் அத்தனை பேரிடமும் சொல்லிவிட்டேன்.

முதல் காட்சிக்கு எல்லோரும் வந்தார்கள். ஷார்-இ-நவ்வில் இருந்த அந்தக் கொட்டகையில் பால்கனி குடும்பங்களுக்கு, கீழே ஆண்களுக்கு. சுஹைலை என் தங்கை வீட்டில் விட்டுவிட்டு வந்திருந்தேன். எனக்கு இடது பக்கம் கணக்கு டீச்சர். வலது பக்கம், பார்த்தால், தலைவர் வீட்டம்மா லைலுமா.

"உன் பேருதானாமே?" என்றாள் காதருகில், வறுத்த கடலையை நீட்டிக்கொண்டு. "என் பேரைத்தான் அந்த மனுஷன் வேண்டாம்னுட்டாரு. பரவாயில்ல, யாரோ ஒருத்தி பேராவது வருதே."

படம் தொடங்கியது. காலை, கோட்டே சங்கி, புழுதி, வேன்கள். கதாநாயகியின் அம்மா வாசலில் வந்து நின்று அவளைக் கூப்பிட வாயைத் திறந்தாள். "பாம்" என்று ஒரு ஹாரன் சத்தம் கேட்டது.

தெருவில் ஏதோ வண்டி என்று நினைத்தேன். மகள் திரும்பி, "என்னம்மா?" என்றாள்.

அடுத்தது சமையலறை. வெங்காயம் நறுக்கிக்கொண்டே அம்மா சொல்கிறாள்: "பாம், உப்பு எடு." சமையலறையில் என்ன வண்டி? கீழே ஆண்கள் சிரிக்கத் தொடங்கினார்கள். கணக்கு டீச்சர் என்னைப் பார்ப்பதும் திரையைப் பார்ப்பதுமாக இருந்தாள்.

பிறகு ஸாலங் வந்தது. வெள்ளை மலை, ஓடுகிற ஆண்கள், மண்வெட்டிகள். தம்பி பனியில் முழங்கால் போட்டு விழுந்தான். அவன் முகம் துடித்தது. நல்ல நடிகன், கழுத்து நரம்பு புடைத்தது. வானத்தைப் பார்த்து முழு மூச்சையும் திரட்டி வாயைத் திறந்தான்.

பாம்.

பனிக்கு அடியிலிருந்து அவள் பதில் சொன்னாள்.

பாம்.

கொட்டகை கைதட்டிச் சிரித்தது. விசில் அடித்தார்கள். எந்த ஹாரன் கூப்பிட்டது, எந்த ஹாரன் பதில் சொன்னது என்று யாருக்கும் தெரியவில்லை. நான் சிரிக்கவில்லை. முக்காட்டை இழுத்து முகத்தை மூடிக்கொண்டு அழுதேன். கோபத்தில் வந்த அழுகை. லைலுமா கடலைப் பொட்டலத்தை மடித்து வைத்துவிட்டு என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

விளக்குப் போட்டதும் வாரியத்தார் மூவரும் மேடையேறினார்கள். தலைவர் மைக்கைப் பிடித்தார். நிஜத் தலைவரின் வயிறு, எல்யாஸ் செருகிக்கொள்ளும் தலையணையைவிடப் பெரியது.

"சகோதரர்களே, இன்னைக்கு ஒரு சரித்திரம் படைச்சிருக்கோம். காகிதத்துல பார்த்தப்ப அது எங்களுக்கு வெறும் பேரு. திரையில ஒருத்தன் கத்தினப்பதான் உறைச்சுது. இது நம்ம எல்யாஸ் ஜான் வீட்டுப் பேரு. எங்க வீட்டுப் பேருன்னா நாங்க முன்னாடியே தடுத்திருப்போம். தடுத்தும் இருக்கோம்." இங்கே இஞ்சினியர் அவர் கோட்டை இழுத்தார். "அதாவது, அவர் மானம் எங்க மானம். பேரை வெட்டினா கதை போயிரும்னு இவர் அழுதாரு. அதனால வாரியம் ஒரு மனதா முடிவு செஞ்சுது. பேருக்குத்தான் ஆட்சேபம். ஹாரனுக்கு ஆட்சேபம் இல்ல. அவ ஓட்டுநர்தானே, பொருத்தமாவும் இருக்கு. முழுப் படமும் பார்த்தீங்க. அவ பேரு என்னன்னு உங்கள்ல ஒருத்தருக்காவது தெரியுமா? தெரியாது. பொண்ணுங்களோட குரல் இப்படித்தான் சகோதரர்களே, உலகத்துக்குக் கேட்கணும்."

கைதட்டல் கொட்டகையை நிறைத்தது. கவிஞர் லதீஃப் கண்ணை மூடிக்கொண்டு, இனி தன் கவிதைகளிலும் காதலி வருகிற இடங்களில் புல்லாங்குழல் வைக்கப் போவதாக அறிவித்தார்.

பிறகு எல்யாஸைக் கூப்பிட்டு மைக்கைக் கொடுத்தார்கள். அவர் பால்கனியை நிமிர்ந்து பார்க்கவில்லை. தயாரிப்பாளருக்கு நன்றி சொன்னார். நடிகைக்குச் சொன்னார். தம்பியாக நடித்தவனுக்கு, ஸாலங்கில் டீ போட்டுக் கொடுத்தவனுக்கு, பேர் பேராகச் சொன்னார். வாரியத்தாருக்குச் சொன்னார். மைக்கை இந்தக் கையிலிருந்து அந்தக் கைக்கு மாற்றினார்.

"அப்புறம், வீட்டுல இருக்கறவங்களுக்கும் நன்றி."

நான் வீட்டில் இல்லை. பால்கனியில், முதல் வரிசையில் உட்கார்ந்திருந்தேன்.

எழுந்து நின்றேன். லைலுமா என் கையை விட்டுவிட்டாள். கம்பியைப் பிடித்துக்கொண்டு, வெளியில் என்றைக்கும் செய்யாததைச் செய்தேன். சுஹைலோட அப்பா என்று சொல்லவில்லை.

"எல்யாஸ்!"

கொட்டகை அடங்கிவிட்டது. பெண் குரல், அதுவும் புருஷன் பெயரைச் சொல்லி. கீழே ஆண்கள் ஒருவரும் தலையைத் திருப்பத் துணியவில்லை. எல்யாஸ் மட்டும் சட்டென்று நிமிர்ந்தார். கதவு சாத்திய எங்கள் வீட்டில், அடுத்த அறையிலிருந்து நான் அப்படிக் கூப்பிட்டால் பதினான்கு வருடமாக அவர் ஒரே ஒரு பதில்தான் சொல்லி வருகிறார். யோசித்துச் சொல்வதில்லை, தானாக வரும். இப்போதும் யோசிக்கவில்லை. மைக் வாய்க்கு நேராக இருந்தது.

"சொல்லு, பல்வஷா ஜான்" என்றார்.

சுவரில் இருந்த அத்தனை ஸ்பீக்கரும் அதைச் சொல்லின. ரயீஸ் சாஹிப் இரண்டு காதையும் இறுகப் பொத்திக்கொண்டார். கேட்டு முடித்த பிறகுதான்.